கிரீம் ஏல்: காத்திருக்க முடியாதவர்களின் பியர்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: கிரீம் ஏலில் கிரீம் கிடையாது. பாலும் இல்லை, பாலாடையும் இல்லை. பெயரைக் கேட்டுவிட்டு, "அது என்னப்பா, மில்க்ஷேக் மாதிரி இருக்குமா?" என்று என்னிடம் விசாரித்த சொந்தக்காரர்கள் உண்டு. கிளாசில் ஊற்றினால் வைக்கோல் நிறத்தில், தெளிவாக, வெள்ளை நுரையோடு நிற்கும் சாதாரண பியர்தான். கண்ணைக் கட்டிவிட்டுக் குடிக்கக் கொடுத்தால் பாதிப் பேர் லாகர் என்பார்கள். அப்படிச் சொல்ல வைக்க வேண்டும் என்பதற்காகவே பிறந்த பியர் அது.

எதற்காக ஒரு ஏல் லாகர் வேஷம் கட்ட வேண்டும்? அதற்கு, பியரின் இரண்டு பெரிய குடும்பங்களான ஏலும் லாகரும் எங்கே பிரிகின்றன என்று தெரிய வேண்டும். பிரிப்பது ஈஸ்ட், சர்க்கரையை ஆல்கஹாலாக்கும் நுண்ணுயிர். ஏல் ஈஸ்ட் 16 முதல் 22 டிகிரி செல்சியஸ் வரையான இதமான சூட்டில் சுறுசுறுப்பாக வேலை பார்த்து, சில நாட்களில் சர்க்கரையைத் தின்று முடித்துவிடும். போகிற போக்கில் லேசான பழ வாசனையையும் விட்டுச் செல்லும். லாகர் ஈஸ்ட் 8 முதல் 13 டிகிரிக் குளிரில் மெதுவாக நொதிக்கும். அதோடு முடிந்ததா என்றால் இல்லை. உறைநிலைக்குக் கொஞ்சம் மேலே பல வாரங்கள் கிடந்து தெளிய வேண்டும். 'லாகர்ன்' என்ற ஜெர்மன் சொல்லுக்கே சேமித்து வைத்தல் என்றுதான் பொருள்.

இனி கதை அமெரிக்காவுக்கு நகர்கிறது. 1840களில் ஜெர்மானியக் குடியேறிகள் லாகர் ஈஸ்ட்டோடு வந்து இறங்கினார்கள். அதுவரை அங்கே ஓடிக்கொண்டிருந்தவை பெரும்பாலும் ஆங்கிலேய வழி ஏல்கள். புதிதாக வந்த லாகர் தெளிவாக, குளிர்ச்சியாக, வயிற்றில் பாரமில்லாமல் இருந்தது. மக்கள் அந்தப் பக்கம் சாய்ந்துவிட்டார்கள். வடகிழக்கு மாநிலங்களிலும் மத்திய மேற்கிலும் ஏல் காய்ச்சிக்கொண்டிருந்தவர்களுக்குப் பிழைப்பே ஆட்டம் கண்டது. லாகருக்கு மாறுவது லேசான காரியமில்லை. நிலவறை வேண்டும், குளிர்காலத்தில் ஏரியிலும் ஆற்றிலும் வெட்டியெடுத்த பனிக்கட்டி வேண்டும். ஜெர்மானியப் பொறியாளர் கார்ல் ஃபான் லிண்டே குளிரூட்டும் இயந்திரங்களை உருவாக்கியது 1870களில்தான். எல்லாவற்றுக்கும் மேலாக, சரக்கு மாதக்கணக்கில் கிடங்கில் கிடந்தால் போட்ட பணமும் அங்கேயே கிடக்கும்.

அவர்கள் கண்டுபிடித்த வழி எளிமையானது. கையில் இருந்த ஏல் ஈஸ்ட்டையே வைத்துக்கொண்டு, நிறம் வெளுத்த, கசப்பு குறைந்த, நன்றாகப் பொங்கும் ஒரு பியரைக் காய்ச்சிச் சுடச்சுட விற்றுவிடுவது. சுடச்சுட என்றால் சூடாக அல்ல, காய்ச்சிய கையோடு! மாதக்கணக்கில் ஊற வைக்கும் ஏலிலிருந்து பிரித்துக்காட்ட, இதை 'உடனே குடிக்கும் ஏல்' என்ற பொருளில் 'பிரசென்ட் யூஸ் ஏல்' என்றார்கள். 'ஸ்பார்க்ளிங் ஏல்' என்றும் ஒரு பெயர் இருந்தது. கிரீம் ஏல் என்ற பெயர் அதன் நுரையையும் தொண்டையில் வழுக்கிக்கொண்டு இறங்கும் தன்மையையும் சொல்ல வந்தது என்பதே பொதுவான விளக்கம். எனக்கு அது நல்ல வியாபாரப் பெயராகவும் படுகிறது.

1920இல் அமெரிக்காவில் மதுவிலக்கு வந்து 1933 டிசம்பரில் போனது. அந்தப் பதின்மூன்று ஆண்டுகளில் எத்தனையோ மதுவடிப்பாலைகளும் பியர் வகைகளும் சுவடில்லாமல் போயின. கிரீம் ஏல் எப்படியோ தப்பிவிட்டது. இன்று நாம் அறிந்த முகத்தை அதற்குக் கொடுத்தவை இரண்டு பியர்கள். ஒன்று, ஒஹாயோ மாநிலத்துச் சின்சினாட்டியில் ஷோன்லிங் நிறுவனம் 1958இல் கொண்டுவந்த லிட்டில் கிங்ஸ். 7 அவுன்ஸ், அதாவது ஏறக்குறைய 207 மில்லிலிட்டர் மட்டும் கொள்ளும் குட்டிப் பச்சை பாட்டில். மற்றொன்று நியூயார்க் மாநிலம் ராச்செஸ்டரில் ஜெனசீ நிறுவனம் 1960இல் வெளியிட்ட ஜெனசீ கிரீம் ஏல். வட்டாரத்துக்காரர்கள் செல்லமாக 'ஜென்னி' என்பார்கள். இரண்டுமே உழைத்துக் களைத்த மனிதன் சாயங்காலம் வாங்கிக் குடிக்கும் விலைமலிவான பியர்கள். கனடாவில் குவெல்ஃப் நகரத்து ஸ்லீமன் கிரீம் ஏல் ஒன்று உண்டு. டொராண்டோ பக்கம் இருக்கும் நம்மவர்கள் கடை அலமாரியில் பார்த்திருப்பார்கள், பெயரைப் பார்த்துத் தாண்டிப் போயும் இருப்பார்கள்.

இங்கே ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். லண்டனிலோ டப்ளினிலோ கில்கென்னி போன்ற 'ஐரிஷ் கிரீம் ஏல்' குடித்தவர்கள், "அது செம்பு நிறமாச்சே, நுரை தயிர் ஏடு போல நிற்குமே" என்பார்கள். அது வேறு குடும்பம். அந்த நுரை நைட்ரஜன் வாயு கலப்பதால் வருவது. நாம் பேசுவது அமெரிக்கக் கிரீம் ஏல்.

சரி, குடித்தால் எப்படி இருக்கும்? மால்ட் எனும் முளைகட்டிய பார்லியின் லேசான இனிப்பு, வெந்த மக்காச்சோளக் கதிரை ஞாபகப்படுத்தும் ஒரு மெல்லிய சாயல், கசப்பு இருக்கிறதா என்று தேட வேண்டிய அளவு ஹாப்ஸ் (பியருக்குக் கசப்பும் மணமும் தரும் ஒரு கொடியின் பூ), முடிவில் நாக்கில் எதுவும் தங்காமல் சுத்தமாகக் காய்ந்துபோகும் உணர்வு. பியர் போட்டி நடுவர்கள் வைத்திருக்கும் வரையறையில் ஆல்கஹால் 4.2 முதல் 5.6 சதவீதம், கசப்பு 8 முதல் 20 ஐ.பி.யூ. (பியரின் கசப்பை அளக்கும் அலகு). கசப்பு தூக்கலான ஐ.பி.ஏ. (இந்தியா பேல் ஏல்) வகைகள் 40இல் தொடங்கி 70ஐத் தொடும் என்பதை வைத்து இந்த 8ஐயும் 20ஐயும் எடைபோட்டுக்கொள்ளுங்கள்.

அந்த மக்காச்சோளம்தான் இந்தப் பியரில் பலரை முகம் சுளிக்க வைக்கும் பொருள். பார்லிக்குப் பதில் மலிவான தானியத்தைக் கலந்து ஏமாற்றுகிறார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. (சோளம் என்று நான் சுருக்கிச் சொன்னாலும் மக்காச்சோளம் என்றே எடுத்துக்கொள்ளுங்கள். நம்மூர் வெள்ளைச் சோளத்திலும் பியர் காய்ச்சுவார்கள், ஆனால் அது இங்கே வராது.) விலை ஒரு காரணம்தான். ஆனால் அதைவிடப் பெரிய காரணம் அன்றைய அமெரிக்க பார்லியில் இருந்தது. அங்கே பரவலாக விளைந்தது ஆறு வரிசை பார்லி. கதிரைத் தலைப்பக்கமிருந்து பார்த்தால் மணிகள் ஆறு வரிசையாக நிற்கும். அதில் புரதம் அதிகம், உமியும் அதிகம். அதை மட்டும் வைத்துக் காய்ச்சினால் பியர் கலங்கலாகவும் கனமாகவும் வந்தது. புரதம் மிகக் குறைந்த சோளத்தைச் சேர்த்ததும் கலவையில் புரதத்தின் பங்கு இறங்கி, பியர் தெளிந்து லேசானது. சோளத்தின் மாவுச்சத்தைச் சர்க்கரையாக்கத் தேவையான நொதிகளோ ஆறு வரிசை பார்லியில் தேவைக்கு மேலேயே கிடந்தன. இரண்டும் ஒன்றுக்கொன்று பொருந்திப் போயின. சோளத்தை எடுத்துவிட்டுக் காய்ச்சிப் பாருங்கள், நல்ல பியர் கிடைக்கலாம், கிரீம் ஏல் கிடைக்காது.

நொதி என்றதும் பயப்பட வேண்டாம். முளைகட்டிய கேழ்வரகு மாவில் குழந்தைக்குக் கஞ்சி காய்ச்சியவர்கள் இதைக் கண்ணால் பார்த்திருப்பார்கள். சாதாரண கேழ்வரகு மாவுக் கஞ்சி கெட்டியாக நிற்கும். முளைகட்டியதில் காய்ச்சினால் நீர்த்து, கொஞ்சம் தித்திப்பாகவும் இருக்கும். தானியம் முளைக்கும்போது உண்டாகும் நொதிகள் மாவுச்சத்தை வெட்டிச் சர்க்கரையாக்குவதால் வரும் மாற்றம் அது. மால்ட் என்பதும் முளைக்க வைத்து உலர்த்திய பார்லிதான். வெந்நீரில் அதை ஊற வைத்தால் அதே வேலை பெரிய அளவில் நடக்கிறது. வடித்தெடுத்த இனிப்பு நீருக்கு வோர்ட் என்று பெயர். அதில் ஹாப்ஸ் போட்டுக் கொதிக்க வைத்து, ஆற வைத்து, ஈஸ்ட் தூவினால் பியர்.

காய்ச்சுவதற்கு முன் சட்டம் பற்றி ஒரு வார்த்தை. வீட்டில் சொந்தக் குடிக்காகப் பியர் காய்ச்ச இங்கிலாந்தில் 1963 முதல் உரிமம் தேவையில்லை. அமெரிக்காவில் 1978இல் கூட்டரசு சட்டம் வழிவிட்டது. தமிழ்நாட்டில் உரிமம் இல்லாமல் காய்ச்சுவது குற்றம். ஆகவே கீழே வருவது அனுமதி உள்ள ஊரில் இருப்பவர்களுக்கு. மற்றவர்கள் ஒரு பியர் எப்படி உருவாகிறது என்று தெரிந்துகொள்ளப் படிக்கலாம்.

நான் காய்ச்சுவது 20 லிட்டர் அளவு. அதற்கு வெளிர் மால்ட் 3.2 கிலோ, தட்டையாக்கிய மக்காச்சோளம் 800 கிராம், சாதாரண வெள்ளைச் சர்க்கரை 200 கிராம். மால்ட் ஆறு வரிசையாக இருந்தால் பழைய முறைக்கு நெருக்கம். கிடைக்காவிட்டால் இன்றைய அமெரிக்க இரண்டு வரிசை மால்ட்டிலும் இவ்வளவு சோளத்தைச் சமாளிக்கும் நொதி இருக்கிறது. சர்க்கரையைப் பார்த்து இனிப்பு கூடும் என்று நினைத்துவிடாதீர்கள். நடப்பது தலைகீழ். ஈஸ்ட் அதை முழுக்கத் தின்றுவிடுவதால் பியர் இனிப்பு மிஞ்சாமல் இன்னும் காய்ந்து, லேசாகத்தான் ஆகும்.

தட்டையாக்கிய சோளம் என்பது நம் அவல் மாதிரி. நெல்லை ஊறவைத்து, வறுத்து, இடித்து அவலாக்கிவிட்டால் அப்புறம் வேக வைக்காமலே சாப்பிடலாம் அல்லவா? இதையும் ஆவியில் வேகவைத்து உருளைகளுக்கிடையே நசுக்கியிருப்பார்கள். அதனால் மால்ட்டோடு நேராகப் போட்டுவிடலாம். சோள ரவை வாங்கி வந்தீர்களென்றால் அப்படி முடியாது. அதைத் தனியாகக் கஞ்சி போலக் கொதிக்கவைத்து, மாவுச்சத்து ஊதிக் குழைந்த பிறகுதான் சேர்க்க வேண்டும். இல்லாவிட்டால் நொதிகளுக்கு அது எட்டாது. காலை உணவு கார்ன்ஃபிளேக்ஸைப் போட்டுக் காய்ச்சுபவர்களும் இருக்கிறார்கள். அதில் உப்பு இருப்பதால் நான் அந்தப் பக்கம் போவதில்லை.

தண்ணீரில் குளோரின் வாடை இருந்தால் பியரில் மருந்து நெடி ஏறிவிடும். காம்ப்டன் மாத்திரை என்று கடையில் கிடைப்பதை அரை மாத்திரை நுணுக்கிப் போட்டால் மொத்தத் தண்ணீருக்கும் போதும். 12 லிட்டர் தண்ணீரை 71 டிகிரிக்குச் சூடாக்கி, உடைத்த மால்ட்டையும் சோளத்தையும் கட்டி தட்டாமல் கிளறிக் கொட்டுங்கள். தானியத்தின் குளிர்ச்சியில் சூடு இறங்கி 65 டிகிரியில் வந்து நிற்கும். இந்த எண்ணில் கறாராக இருங்கள். 65ஐ ஒட்டி வைத்தால் ஈஸ்ட்டுக்கு எளிதில் செரிக்கும் சர்க்கரை அதிகம் உண்டாகும், பியர் காய்ந்து முடியும். 69, 70க்குப் போனால் ஈஸ்ட் தின்ன முடியாத சர்க்கரைகள் மிஞ்சி, கிரீம் ஏலுக்குச் சேராத ஒரு கனம் வாயில் தங்கும். பாத்திரத்தை மூடி, பழைய கம்பளி ஒன்றைச் சுற்றி ஒரு மணி நேரம் விட்டுவிடுங்கள். முடிந்ததா என்று பார்க்க, ஒரு சொட்டு எடுத்து ஐயோடின் விட்டுப் பார்க்கலாம். நீலக் கறுப்பானால் மாவுச்சத்து மிச்சம் இருக்கிறது. பள்ளிக்கூடத்தில் உருளைக்கிழங்கில் விட்டுப் பார்த்த அதே சோதனை.

பிறகு வடித்து, 75 டிகிரித் தண்ணீர் 18 லிட்டரை மெதுவாக மேலே ஊற்றிச் சக்கையை அலசினால் சுமார் 26 லிட்டர் வோர்ட் சேரும். இதைக் கொதிக்கவிடுவது 90 நிமிடம். ஒரு மணி நேரம் போதாதா என்று கேட்பீர்கள். வெளிர் மால்ட்டில் இருக்கும் ஒரு சேர்மம் சூட்டில் சிதைந்து டைமெத்தில் சல்ஃபைடு என்ற கந்தக வாயுவாகிறது. டி.எம்.எஸ். என்று சுருக்கிச் சொல்வார்கள். டப்பாவில் அடைத்த சோளத்தைத் திறந்ததும் அடிக்குமே, அந்த வாசனை. கிரீம் ஏலில் ஒரு துளி இருந்தால் மன்னிப்பு உண்டு, கூடினால் முட்டைக்கோஸ் வேகவைத்த சமையலறை ஆகிவிடும். நன்றாகக் கொதித்தால் அது ஆவியோடு போய்விடும். அதற்காக மூடியைத் திறந்தே வையுங்கள். மூடி வைத்தால், மூடியில் படிந்து வழியும் நீரோடு அதுவும் உள்ளே திரும்பி வந்துவிடும்.

வேடிக்கை என்னவென்றால், கிரீம் ஏலின் சோள வாசனை முழுக்கச் சோளத்திலிருந்து வருவதில்லை. ஒரு பங்கு இந்த டி.எம்.எஸ். வேலை. சோளமே போடாத பியரிலும் இந்த வாசனை வரும்.

கொதி முடிய ஒரு மணி நேரம் இருக்கும்போது 5 சதவீத ஆல்ஃபா அமிலம் (ஹாப்ஸில் கசப்புக்குக் காரணமான பொருள்) உள்ள ஹாப்ஸ் 20 கிராம். கசப்பு முழுவதும் ஏறக்குறைய இதிலிருந்துதான். கடைசிப் பத்து நிமிடத்தில் இன்னொரு 10 கிராம், வாசனைக்கு. கணக்குப் போட்டால் 14 ஐ.பி.யூ. பக்கம் வரும். வில்லமெட், ஹாலர்டாவ் போன்ற அடக்கமான ஹாப்ஸ் போதும். மாம்பழமும் எலுமிச்சையும் மணக்கும் புதிய ரகங்களைப் போட ஆசை வரும், அடக்கிக்கொள்ளுங்கள். சர்க்கரையையும் இந்த நேரத்தில் கரைத்துவிடலாம்.

கொதி நின்றதும் வேகமாக ஆற வையுங்கள். சூடாக இருக்கும்வரை டி.எம்.எஸ். உண்டாகிக்கொண்டே இருக்கும், கொதி இல்லாததால் வெளியேறாது. ஆறிய வோர்ட்டைத் தொடும் ஒவ்வொன்றும், குழாய், கரண்டி, வாளி, உங்கள் கை உட்பட, கிருமிநாசினியில் நனைந்திருக்க வேண்டும். ஹைட்ரோமீட்டரை மிதக்கவிட்டால் ஒப்படர்த்தி 1.047 அளவில் காட்டும். தண்ணீர் என்றால் 1.000, மிச்சம் சர்க்கரையால் வந்த கனம்.

அடுத்தது ஈஸ்ட். சாஃபேல் யூ.எஸ்.-05 என்ற உலர் ஈஸ்ட், 11.5 கிராம் பாக்கெட் ஒன்று போதும். வாசனை அதிகம் விடாத, ஒழுக்கமான ஈஸ்ட். ஜெர்மனியின் கொலோன் நகரத்துக் கோல்ஷ் பியருக்கான ஈஸ்ட்டும் பொருந்தும். கோல்ஷும் ஏல் ஈஸ்ட்டில் செய்து லாகர் போலக் குடிக்கும் பியர்தானே. எதை எடுத்தாலும் நொதிக்கும் வோர்ட்டின் சூட்டை 16 முதல் 18 டிகிரிக்குள் வையுங்கள். அறையின் சூட்டைப் பார்த்து ஏமாறாதீர்கள். நொதித்தலே சூடு கிளப்புவதால் வாளிக்குள் இரண்டு மூன்று டிகிரி கூடுதலாக இருக்கும்.

என் முதல் கிரீம் ஏல் இங்கேதான் கெட்டது. ஜூலை மாதம், குளிரூட்டியை அணைத்துவிட்டு ஒரு வாரம் ஊருக்குப் போய்விட்டேன். இட்லி மாவுக்கு வெயில் நல்லதுதான், புளித்துப் பொங்கும். பியருக்கு அந்தச் சூடு ஆகாது. திரும்பி வந்து ஊற்றிப் பார்த்தால் பீச் பழமும் நகப்பூச்சு அகற்றும் திரவமும் சேர்ந்த ஒரு வாசனை. கறுப்பு ஸ்டௌட் பியராக இருந்திருந்தால் வறுத்த மால்ட்டுக்குள் அது பதுங்கியிருக்கும். கிரீம் ஏலில் பதுங்க இடமே இல்லை. மென்மையான ரசத்தில் ஒரு கல் உப்பு கூடினாலும் தெரிந்துவிடுமே, அந்த மாதிரி. இப்போதெல்லாம் வாளியைத் தண்ணீர்த் தொட்டியில் உட்கார வைத்து, காலையும் மாலையும் ஒரு பனிக்கட்டி பாட்டிலை மாற்றிப் போடுகிறேன். தனிக் குளிர்பெட்டி வைத்திருப்பவர்கள் கொடுத்து வைத்தவர்கள்.

பத்து நாளில் நொதித்தல் அடங்கிவிடும். அடங்கியதா என்பதை நாள்காட்டியிடம் கேட்காமல் ஹைட்ரோமீட்டரிடம் கேளுங்கள். இரண்டு மூன்று நாள் இடைவெளியில் ஒரே எண், 1.008 போல, காட்டினால் முடிந்தது. 1.047இலிருந்து 1.008ஐக் கழித்து 131ஆல் பெருக்கினால் ஆல்கஹால் அளவு: 5.1 சதவீதம். இதற்குப் பின் வாளியை 2 டிகிரியில் ஒரு வாரம் வைத்தால் ஈஸ்ட் அடியில் படிந்து கண்ணாடி போலத் தெளியும். பழைய ஏல்காரர்களுக்கு இந்தப் பழக்கம் இல்லை. குளிரில் காத்திருப்பதைத் தவிர்க்கத்தானே அவர்கள் இந்தப் பியரையே காய்ச்சினார்கள்! வீட்டில் குளிர்சாதனப் பெட்டி இருக்கும்போது எனக்கு அந்த அவசரம் இல்லை.

பாட்டிலில் அடைக்கும் நாளில் 130 கிராம் சர்க்கரையைக் கொஞ்சம் தண்ணீரில் கொதிக்க வைத்து ஆற்றிப் பியரில் கலந்துவிடுங்கள். மிஞ்சியிருக்கும் ஈஸ்ட் அதைத் தின்று, மூடிய பாட்டிலுக்குள் கார்பன் டை ஆக்சைடை உண்டாக்கும். அந்தப் பொங்கல்தான் கிரீம் ஏலுக்கு உயிர். நொதித்தல் முடியாத பியரை அடைத்தால் அதே வாயு பாட்டிலை வெடிக்க வைக்கும், விளையாட்டில்லை. அறை வெப்பத்தில் இரண்டு வாரம், பிறகு குளிர்பெட்டியில்.

பாட்டில் பழுப்பு நிறமாக இருக்கட்டும். லிட்டில் கிங்ஸ் குடித்துச் சேர்த்த பச்சை பாட்டில்களில் அடைத்தால் அழகாக இருக்கும் என்று எனக்கும் தோன்றியதுண்டு. ஆனால் ஹாப்ஸின் கசப்புப் பொருள்கள் வெளிச்சம் பட்டால் சிதைந்து, ஸ்கங்க் என்ற பிராணியின் நாற்றத்தைக் கிளப்பும். பச்சைக் கண்ணாடி அந்த வெளிச்சத்தைப் பெரிதாகத் தடுப்பதில்லை. ஸ்கங்க் நாற்றம் எப்படி இருக்கும் என்று ஊரில் இருப்பவர்களுக்கு என்னால் விளக்க முடியவில்லை. ஒஹாயோவில் இரவில் கார் ஜன்னலைத் திறந்து வைத்து நெடுஞ்சாலையில் போனால், ஒரு மைலுக்கு முன்பே தெரிந்துவிடும்.